அவரைக் கேட்டுச் சொல்றேன்

மார்கழி 6

சாவடியில் சொல்லிவிட்டார்கள்: முப்பது நாளும் நடப்பதைக் குறித்து வைக்க வேண்டும், தை ஆறாம் தேதி குறிப்பேட்டோடு நேரில் வர வேண்டும். படிக்கப்போவது ஊர் நிர்வாகம் பார்க்கும் மணியம் ஏகாம்பரி அம்மாள். வளவள என்று எழுதினால் அவருக்குத் தலைவலி. எனக்குக் கடை இருக்கிறது. ஆகவே சுருக்கமாக.

நான் தைலம்மை. முகில்துறைக் கடைவீதியில் மெத்தை, தலையணை வியாபாரம். காயல்மேல் இறங்கும் மூடுபனியைச் சீப்பால் வாரி, நிழலில் உலர்த்திப் பஞ்சாக்கி விற்கிறேன். முகில்பஞ்சுக்கு எடை கிடையாது, தராசு உதவாது. கடைக்காரர் இரண்டு கையையும் வளைத்து அணைத்தால் எவ்வளவு அடங்குமோ அது ஓர் அணைப்பு. என் கை குட்டை. அதைக் குறை சொல்பவர்கள் உண்டு; ஏமாற்றினேன் என்று சொன்னவர் இல்லை.

பதினைந்து வருஷத்துக்கு முன் ஒற்றைச் சீப்போடு இந்த ஊருக்கு வந்தேன். தனிப் பெண்ணுக்குக் கடை தர மாட்டேன் என்றார் கட்டடக்காரர். "அவர் கடல் கடந்து போயிருக்கார், வந்துடுவார்" என்றேன். அப்படி ஒருவர் கிடையாது. வாய்க்கு வந்தது, சொன்னேன், கடை கிடைத்தது. பிறகு பார்த்தால் அந்த 'அவர்' என் கடையிலேயே மிகப் பயனுள்ள சரக்கு. பேரம் முற்றினால், "அவரைக் கேட்டுச் சொல்றேன்." இன்னும் குறைக்கச் சொன்னால், "அவர் ஒத்துக்க மாட்டார்." கடைசியில் வேறு வழியில்லாமல் கொடுக்கும்போது, "சரி, அவர் கோவிச்சாலும் நான் பாத்துக்கறேன், எடுத்துட்டுப் போங்க." வாங்கியவர் ஏதோ வீட்டுச் சண்டையையே கிளப்பிவிட்டு ஜெயித்த சந்தோஷத்தில் போவார்.

முகில்துறையில் பிழைப்பவள் கவனமாக இருந்திருக்க வேண்டும். இங்கே பனிக்காலத்தில் ஒரு கதை வாய்க்கு வாய் போய், அந்நியர் ஒருவர் வாயிலிருந்து சொன்னவர் காதுக்கே திரும்பி வந்தால் முளைத்துவிடும். சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம். பணியாரக் கடைக் குப்பாண்டி புலியைக் கன்னத்தில் அறைந்தேன் என்று பத்து வருஷம் அளந்தான். போன பனியில் வீங்கிய கன்னத்தோடு ஒரு புலி வந்து அவன் கடை முன் உட்கார்ந்தது. நான் விழுந்து விழுந்து சிரித்தேன்.

இன்று காலை வெளியூர்த் தோணிக்காரர் ஒருவர் தலையணை பார்க்க வந்தார். "உங்க வீட்டுக்காரர் கறார் பேர்வழியாமே, தோணியில எல்லாரும் பேசிக்கிட்டாங்க" என்றார். நானும் பெருமையாகத் தலையாட்டிவிட்டேன். ஆட்டிய தலை நிற்பதற்குள் பின்னால் பனிக்குள்ளிருந்து ஒரு குரல்.

"வந்துட்டேன், மொதலாளி."

அவர் என்னை அப்படித்தான் கூப்பிடுவார் என்று யாரிடமோ எப்போதோ சொல்லியிருக்கிறேன்.

நேரே சாவடிக்குக் கூட்டிப் போனேன். ஏகாம்பரி அம்மாள் அதனிடம் பெயர் கேட்டார். அது முழித்தது. என்னிடம் கேட்டார். நானும் முழித்தேன். எங்கள் பக்கம் எந்தப் பெண்ணும் புருஷன் பெயரை வாயால் சொல்வதில்லை. அதனால் பதினைந்து வருஷமாக யாரும் என்னிடம் கேட்கவில்லை; நானும் ஒரு பெயர் வைக்கவில்லை.

"பேரே இல்லாத ஆளோட இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியிருக்கீங்க" என்றார் அம்மாள், முகத்தில் சிரிப்பே இல்லாமல்.

வழி இரண்டு. ஒன்று முடிப்பு: ஏழு பேர் முன்னால் கதைக்கு ஒரு முடிவு சொன்னால் முளைத்தது பனியில் கரைந்துவிடும். கதை என்னுடையதாகவே இருக்கும், மறுபடி முளைக்காது. இன்னொன்று விடுப்பு: அதே மாதிரி ஏழு பேர் முன்னால் ஒரு பெயரை மூன்று முறை உரக்கச் சொல்லி, இந்தக் கதையை இனி வாயில் எடுக்க மாட்டேன் என்று சத்தியம் செய்ய வேண்டும். முளைத்தது தன்பாட்டுக்கு ஆளாகிவிடும். எங்கே வேண்டுமானாலும் போகும். எனக்கு அதன்மேல் ஒரு பாத்தியமும் இல்லை.

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? முடிப்புதான். நாளைக்கே முடிக்கலாமா என்று கேட்டேன். முப்பது நாள் கழித்துத்தான் என்பது விதியாம்.

மார்கழி 7

கத்தரிக்காய்க் குழம்பு வைத்தேன். ஒரு வாய் ஆசையாகத் தின்றது, அடுத்த வாய்க்கு முகம் சுளித்தது, மறுபடி ஆசையாகத் தின்றது. எண்ணெய்க்காரியிடம் அவருக்குக் கத்தரிக்காய் பிடிக்காது என்றும், நெசவுக்காரியிடம் கத்தரிக்காய் என்றால் உயிர் என்றும் சொல்லியிருந்தேன். என் தப்புதான்.

மார்கழி 9

மீசை விவகாரம். படகுச் சொந்தக்காரி சடையம்மாவிடம் முறுக்கு மீசை என்றும் குப்பாண்டியிடம் மழுமழு முகம் என்றும் அளந்திருக்கிறேன். சடையம்மா பார்த்தால் மீசை இருக்கிறது, குப்பாண்டி பார்த்தால் இல்லை. இருவரும் ஒன்றாக வந்து நின்றபோது மேலுதட்டைச் சொறிந்துகொண்டே உள்ளே ஓடிவிட்டது.

"ஏ தைலு, உன் வீட்டுக்காரருக்கு என்ன தேமலா?" என்றாள் சடையம்மா.

நான் பெட்டியடியில் இருந்த நேரம் அது யாருக்கோ பஞ்சு அளந்து கொடுத்திருக்கிறது. கை என்ன கை, துடுப்பு மாதிரி! அது அணைத்தால் என் அணைப்பில் ஒன்றேகால். வாங்கியவள் தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள். சாயங்காலம் கடை வாசலில் வரிசை. எல்லோருக்கும் "அவர் கையால" வேண்டுமாம்.

கறாரானவர் என்று பதினைந்து வருஷம் சொல்லி வளர்த்தேன். வந்தது வாரி விடுகிறது. விசாரித்ததில் புரிந்தது: நான் கறார் என்று சொன்னேன், ஆனால் ஒவ்வொரு முறையும் கடைசியில் சரக்கு கைக்குப் போயிற்று அல்லவா, கேட்டவர்கள் 'பாவம், வெளியே கறார், உள்ளே நல்ல மனுஷன்' என்று நினைத்துக்கொண்டே வீட்டுக்குப் போயிருக்கிறார்கள். என் கதையில் பாதியை இந்த ஊர் கட்டியிருக்கிறது, எனக்குத் தெரியாமல்.

மார்கழி 10

முடிப்புக்கு ஒத்திகை. "புயலில் தோணி கவிழ்ந்து அவர் போய்விட்டார்." நன்றாகத்தான் இருக்கிறது. அதற்கப்புறமும் கதை பயன்படும்: "அவர் இருந்திருந்தா இந்த விலைக்குத் தந்திருக்கவே மாட்டார்." கல்போல நிற்கும் வாக்கியம். உயிரோடு இருப்பவர் மனசு மாறுவார், போனவர் மாற மாட்டார். வியாபாரத்துக்கு அதுதான் உத்தமம்.

மார்கழி 14

பனி வாரக் காயலுக்குப் போனேன். துணைக்கு வந்தான். சும்மா சொல்லக் கூடாது, சீப்புப் பிடிக்கப் பழகிவிட்டான். முகில்பஞ்சில் கை வைத்தால் முதல் மாதம் யாருக்கும் தும்மல் நிற்காது. இவனுக்கு ஒரு தும்மல்கூட இல்லை. முளைத்தவர்களுக்குத் தும்மல் வராதாம்.

இத்தனை காலம் எங்கே இருந்தாய் என்று கேட்டேன்.

"தோணியில, மொதலாளி. முன்னால கடல். கரை வரப்போகுது, வரப்போகுதுன்னே இருக்கும். வராது. நீங்க 'வந்துடுவார்'னு சொல்லும்போதெல்லாம் எழுந்து துண்டை உதறித் தோள்ல போடுவேன்."

"அப்புறம்?"

"அப்புறம் உக்காந்துக்குவேன். பதினஞ்சு வருஷமா வந்துக்கிட்டே இருந்தேன்."

சீப்பைத் திரும்பக் கையில் எடுத்தேன். பனி நல்ல அடர்த்தி. நாலு கூடை கிடைத்தது.

மார்கழி 17

உறைக்குள் பஞ்சோடு ஒரு கொத்து வெட்டிவேரும் வைத்துத் தைத்திருக்கிறான், யாரையும் கேட்காமல். ஏன்யா இப்படி என்று கத்தினேன். "தூங்கறவங்களுக்கு வாசனையா இருக்குமே" என்கிறான். மதியத்துக்குள் நாற்பது தலையணையும் போய்விட்டது. சடையம்மா பன்னிரண்டு எடுத்தாள்.

வெட்டிவேரைப் பற்றி நான் யாரிடமும் ஒன்றும் சொன்னதில்லை. இரண்டு தடவை யோசித்துப் பார்த்தேன். இல்லவே இல்லை.

சிரிப்பும் அப்படித்தான். முதலில் தோள் குலுங்கும், சத்தம் பின்னால் வரும். அது நான் சொல்லாதது. குப்பாண்டியின் புலியோடு உட்கார்ந்து அதன் கன்னத்துக்கு மஞ்சள் பற்றுப் போடுகிறான். அதுவும் நான் சொல்லாதது. சாவடிக்குப் பயன்படும் என்று இவற்றைக் குறித்து வைக்கிறேன்.

மார்கழி 19

சொல்லாதவை: சீழ்க்கை அடிப்பது. செருப்பை ஜோடியாக வைப்பது. என் காபியில் வெல்லம் குறைவாகப் போட வேண்டும் என்பதை இரண்டே நாளில் கண்டுபிடித்தது.

மார்கழி 21

எழுதவே பிடிக்கவில்லை. விதி என்பதால் எழுதுகிறேன்.

சடையம்மா இருபது மெத்தையை இன்றே படகில் ஏற்றித் தரச் சொன்னாள். எனக்கு உறை தைத்து முடியவில்லை. அவளிடம் அதைச் சொல்ல மானம் இடம் கொடுக்கவில்லை. பழக்கதோஷம், நாக்கு தானாகப் புரண்டது: "அவருக்கு முதுகு வலி, நாளைக்குப் பாக்கலாம்."

பின்னால் தடாலென்று சத்தம். மெத்தையைத் தலையில் வைத்துக்கொண்டு வந்தவன் இரண்டாக மடங்கிக் கீழே கிடந்தான். முளைத்த பிறகு, சொன்னவள் வாயிலிருந்து ஒருவர் கேட்டாலே போதும் போலிருக்கிறது.

தூக்கிப் படுக்க வைத்து எண்ணெய் காய்ச்சித் தடவினேன். முகம் வெளிறிப்போய்விட்டது. அப்போதும் சொல்கிறான்: "எனக்கு முதுகுன்னு ஒண்ணு இருக்கறதே இப்பத்தான் மொதலாளி தெரியுது."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. "இரு, இப்பவே தெருவுக்குப் போயி, அவருக்குச் சரியாயிடுச்சுன்னு பத்துப் பேர்கிட்ட சொல்லிட்டு வரேன்" என்று எழுந்தேன். முந்தானையைப் பிடித்துக்கொண்டான்.

"வேண்டாம். வந்ததுதான் நீங்க சொல்லி வந்துச்சு. போறதாவது தானா போகட்டுமே."

உட்கார்ந்துவிட்டேன். கடை சாத்தியிருந்தது. பகலில் கடை சாத்தியது இந்தப் பதினைந்து வருஷத்தில் இதுதான் முதல் தடவை.

மார்கழி 22

கடை விடுமுறை. எண்ணெய். கஞ்சி.

மார்கழி 23

உட்கார்ந்தான். சுவரைப் பிடித்து நடந்தான். முகத்தில் எவ்வளவு பெருமை! தானாகப் போன வலி, தானாக எழுந்த கால். வாசல் வரை நடந்து குப்பாண்டியைக் கூப்பிட்டுக் காட்டினான்.

கடையில் மூன்று தடவை 'அவரை' என்று ஆரம்பித்துப் பல்லைக் கடித்துக்கொண்டேன். நேரடியாகப் பேரம் பேசினேன். "இதுக்குக் குறைச்சுக் கொடுக்க எனக்கு மனசில்லை" என்றேன். விசித்திரம்: அதற்கும் ஒத்துக்கொண்டார்கள்.

மார்கழி 25

குப்பாண்டியிடம் கேட்டேன், சும்மா ஒரு பேச்சுக்குத்தான்.

"ஏன்டா, உன் புலியை விடுப்பு பண்ணும்போது பயமா இல்லையா?"

"பயம்னா பயம், அக்கா. ஏழு பேரும் மரத்து மேல. நான் மட்டும் கீழ. 'செல்லம், செல்லம், செல்லம்'னு மூணு தடவை கத்திட்டுக் கண்ணை மூடிக்கிட்டேன். தொறந்து பாத்தா பெஞ்சுக்கு அடியில படுத்திருக்கு. பணியாரம் வாசனைக்குத்தான் தங்கிருச்சுன்னு நெனைக்கிறேன்."

"எல்லாம் அப்படித் தங்குமா?"

"எண்ணெய்க்காரிக்குப் பணக்கார மாமா முளைச்சாரே, ஞாபகம் இருக்கா? விடுப்பு ஆன நிமிஷமே துறைக்குப் போயித் தோணி ஏறிட்டார். திரும்பிக்கூடப் பாக்கல." அவன் என்னை ஒரு மாதிரி பார்த்தான். "ஏன்க்கா, முடிப்புன்னுல்ல சொன்னீங்க?"

"முடிப்புதான். சும்மா கேட்டேன்."

"சும்மாதான். சரி, பணியாரம் ரெண்டு எடுத்துட்டுப் போங்க. அவருக்குக் காரம் போட்டது பிடிக்கும்."

அவனுக்குக் காரப் பணியாரம் பிடிக்கும் என்பது எனக்கு முந்தியே தெரியும்.

தை 1

புதுப் பானை. பொங்கல் கிழக்கே வழிந்தது. குலவை போடத் தெரியாமல் சீழ்க்கை அடித்தான். தெருவே சிரித்தது. நானும்.

தை 4

வியாபாரக் கணக்கில் ஒருமுறை தெளிவாகப் பார்த்துவிடுவோம். முடிப்பு என்றால்: கதை கையில் தங்கும், பேரத்துக்கு உதவும், கடையில் ஒரு ஆள் குறையும். விடுப்பு என்றால்: கதை போகும், பதினைந்து வருஷமாகப் பழகிய பேச்சே போகும், ஆளும் போகலாம். கையில் இருப்பதை முழுதாகக் கொடுத்துவிட்டு, எதிர்ப்பக்கம் ஏதாவது வருமா என்று கேட்கக்கூட உரிமையில்லாத பேரம். என்னிடம் வேலை பழகுபவள் இப்படி ஒரு பேரத்துக்குப் போனால் அன்றே வீட்டுக்கு அனுப்பிவிடுவேன்.

தை 5

ஒத்திகை. "புயலில் தோணி..." வரை வந்தது. அதற்குமேல் இருமல்தான் வந்தது. பனிதான் காரணம்.

தை 6

சாவடியில் ஏழு சாட்சிகள். சடையம்மா, குப்பாண்டி, நெசவுக்காரி, எண்ணெய்க்காரி, மூன்று தோணிக்காரர்கள். புலியும் வந்தது, கணக்கில் இல்லை. யாருடைய கதை என்று சாட்சிகளுக்கு முன்கூட்டிச் சொல்வதில்லை; குப்பாண்டிக்கு மட்டும் தெரியும்.

"முடிப்பா, விடுப்பா?" என்றார் ஏகாம்பரி அம்மாள்.

அவன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு நின்றான். 'வந்துடுவார்' என்று கேட்டதும் எழுந்து நிற்கும் அதே நிற்பாக இருக்கும் என்று தோன்றியது.

"விடுப்பு" என்றேன்.

குப்பாண்டி விசில் அடித்தான். அம்மாள் பார்த்த பார்வையில் பாதியில் நிறுத்தினான்.

"பேர் சொல்லுங்க. மூணு தடவை, உரக்க."

நான் அவன் பக்கம் திரும்பினேன். "என்ன பேரு வேணும் உனக்கு? இதையும் நானே சொல்லிட்டா நல்லா இருக்காது."

அவன் யோசித்து வைத்திருந்தான் போல. "கடம்பன்" என்றான். கரை தெரியுமா என்று பார்த்துக்கொண்டே இருந்தபோது தூரத்தில் ஒரே ஒரு கடம்பமரம் தெரிகிற மாதிரி அவனுக்கு எப்போதும் ஒரு நினைப்பாம். நான் எந்த மரத்தைப் பற்றியும் யாரிடமும் சொன்னதில்லை.

புருஷன் என்று ஊர் நினைக்கும் ஒருவன் பெயரை, அத்தனை பேர் முன்னால், சத்தமாகச் சொல்ல வேண்டும். சொன்னால் புருஷன் இல்லை என்று ஆகிவிடும். பதினைந்து வருஷப் பொய்யும் அந்த இடத்திலேயே உடையும். சொன்னேன். "கடம்பன். கடம்பன். கடம்பன்." மூன்றாவதுக்கு என் குரல் துறைவரை கேட்டிருக்கும். "இந்தக் கதையை இனி வாயில் எடுக்க மாட்டேன்."

நெசவுக்காரி வாயைப் பொத்திக்கொண்டாள். சடையம்மா, "அடிப்பாவி, புருஷனே இல்லையா? அத்தனை தடவை நான் வெலை கூடக் கொடுத்ததெல்லாம் அந்த மனுஷனுக்குப் பயந்துடி!" என்று கத்தினாள். கத்தி முடித்ததும் அவளே முதலில் சிரித்துவிட்டாள்.

அப்போது கடம்பன் தும்மினான். ஒன்று, இரண்டு, பதினொன்று. கண்ணில் நீர் கொட்டக் கொட்டத் தும்மினான். மேலுதட்டில் மீசை ஒரு நிலைக்கு வந்தது, முறுக்கும் இல்லை, மழுமழுவும் இல்லை, சாதாரண மீசை, கொஞ்சம் நரையோடு.

தும்மல் அடங்கியதும் என்னைப் பார்த்து, "தைலம்மை" என்றான். மொதலாளி என்று சொல்லவில்லை. "எனக்கு அந்தக் கடலை ஒருதடவை நானா பாக்கணும். கரை வருதான்னு."

"போ. உன் இஷ்டம்" என்றேன். அதுதானே விதி.

குறிப்பேட்டை நீட்டினேன். ஏகாம்பரி அம்மாள் அங்கேயே நின்று முழுவதும் படித்தார். கடைசிப் பக்கத்தை மூடித் திருப்பி என் கையிலேயே கொடுத்தார். "மீதிப் பக்கம் நிறைய இருக்கு. வீணாக்காதீங்க."

தை 7

காலைத் தோணியில் போனான். வெட்டிவேர்த் தலையணை ஒன்று கொடுத்தேன். என் கையால் அளந்தது. வியாபாரம் சுமார்.

தை 8

தும்மல் சத்தம் கேட்டு வெளியே வந்தேன். குப்பாண்டி. மிளகாய் அரைத்திருக்கிறான்.

தை 9

வியாபாரம் சுமார்.

தை 10

புது வாடிக்கையாளர் பேரம் பேசினார். "யாரையாவது கேட்கணுமா?" என்றார். "கேட்க யாரும் இல்லை, நான் சொல்றதுதான்" என்றேன். சொன்ன விலைக்கே வாங்கினார். இதை முதலிலேயே செய்திருக்கலாம். ஆனால் செய்யாததும் நல்லதுக்குத்தான்.

தை 12

கத்தரிக்காய்க் குழம்பு. இரண்டு பேர் அளவுக்கு வைத்துவிட்டேன். மீதியைப் புலி தின்றது. புலிக்குக் கத்தரிக்காய் பிடிக்கும் என்று யாரும் சொன்னதில்லை.

தை 15

பனி விலகி நல்ல வெயில். பெட்டியடியில் குனிந்து உறை எண்ணிக்கொண்டிருந்தேன். வாசலில் வரிசையாகத் தும்மல்.

"தலையணை இருக்குங்களா? ஒண்ணு வாங்குனேன், நல்லா இருந்துச்சு. ஜோடியா வேணும்."

நான் நிமிரவில்லை. நிமிர்ந்தால் முகம் காட்டிக் கொடுத்துவிடும். வியாபாரத்தில் அது கூடாது. விலை சொன்னேன். வழக்கத்தைவிடக் கூட்டியே சொன்னேன்.

"ஜாஸ்தியா இருக்கே. வீட்ல கேட்டுட்டுச் சொல்றேன்."

"வீடு எங்க இருக்கு?"

"அதையும் கேக்கணும்." அதற்குள் இன்னொரு தும்மல். "கேக்கவா, தைலம்மை?"

"கரை வந்துச்சா?" என்றேன்.

"வந்துச்சு. மூணே நாள்தான். அங்க கடம்பமரம் கூட இருந்துச்சு. நிழல்ல உக்காந்தேன். உக்காந்ததும் இங்க வரணும்னு தோணுச்சு. இந்தத் தடவை யாரும் 'வந்துடுவார்'னு சொல்லல, நானே எழுந்து துண்டை உதறிப் போட்டுக்கிட்டேன்."

நிமிர்ந்துவிட்டேன். என்ன காட்டிக் கொடுத்ததோ கொடுக்கட்டும். "உள்ள வாங்க, வெயில்ல நிக்காதீங்க" என்றேன்.

மாசி 11

நேற்றுச் சாவடியில் கல்யாணம் பதிந்தோம். சாட்சி அதே ஏழு பேர். புலியின் கழுத்தில் குப்பாண்டி மாலை போட்டிருந்தான்; பாதியைத் தின்றுவிட்டது. ஏகாம்பரி அம்மாள் ஒரு ஜோடித் தலையணை வாங்கினார். பேரமே பேசவில்லை.

இன்று கடை திறந்ததும் தோணியிலிருந்து இறங்கிய பெண் ஒருத்தி வந்தாள். "தலையணைக்குள்ள வெட்டிவேர் வைக்கிறது உங்க வீட்டுக்காரர்தானாமே? அவர் பேரு என்னக்கா?"

வாய் திறந்தேன். மூடிக்கொண்டேன். உள்ளே கையைக் காட்டி, "அவரையே கேட்டுக்கோங்க" என்றேன்.

அவர் உள்ளே தோள் குலுங்கச் சிரித்தார். சத்தம் பின்னால் வந்தது.

"அப்ப அவர் கையாலயே ரெண்டு அணைப்பு அளந்து கொடுக்கச் சொல்லுங்க. கை நீளமாமே."

"அது விற்பனைக்கு இல்லம்மா" என்று என் குட்டைக் கையால் அளந்து கொடுத்தேன்.